நிணவலை

வீட்டுக்கு அனுப்பும் தாளை
இரண்டு முறை படித்துவிட்டு
இறைச்சிக் கடைக்காரர் ஜும்பேர் கேட்டார்:
"யார் இந்த ஓமெண்டம்?
அவனில் ஒரு துண்டை ஏன் வெட்டினீர்கள்?"

குத்தாயிசி மருத்துவமனை. பிப்ரவரி.
ஜன்னலுக்கு வெளியே ரியோனி ஆறு
பனி கரைந்த சேற்று நிறத்தில் போய்க்கொண்டிருந்தது.
டாக்டர் எத்தேரிக்கு நின்று பேச நேரமில்லை.
நின்றார்.

நான்கு நாள் வலியைப்
பன்றித் தொடைகளுக்கு நடுவே நின்றபடி
விழுங்கிக்கொண்டிருந்தவர் இந்த மனிதர்,
வெள்ளிக்கிழமை வியாபாரம் முடியட்டும் என்று.
குடல்வால் எப்போதோ வெடித்திருந்தது.
கணக்குப்படி
செத்திருக்க வேண்டும்.

திறந்து பார்த்தபோது
சீழ் வயிறெங்கும் பரவியிருக்கவில்லை.
இரைப்பையின் விளிம்பிலிருந்து
முன்றானைபோல் தொங்கும் கொழுப்பு மடிப்பொன்று
யாரும் சொல்லாமல் கீழிறங்கி
வெடித்த இடத்தைச் சுற்றிப்
பொட்டலம் கட்டியிருந்தது.
மஞ்சளாக. சூடாக. நாற்றத்தோடு.
கறுத்துப்போன ஓரத்தை மட்டும் நறுக்கிவிட்டு
மீதியை விட்டுவைத்தார் எத்தேரி.
அதற்கு வழி எப்படித் தெரிந்ததென்று
எந்த வகுப்பிலும் யாரும்
அவருக்கு முழுதாகச் சொன்னதில்லை.

"பாதேகோனி," என்றார் இப்போது, சுருக்கமாக.
வலைக்கொழுப்பு.
அவர்கள் ஊர்ச் சந்தைச் சொல்.

ஜும்பேர் தாளை மடித்தார்.
முப்பது வருடம்
வெதுவெதுப்பான நீரில் வினிகர் விட்டு
அலசி, உதறி,
விளக்கை நோக்கிப் பிடித்துக் கிழிசல் பார்த்து
கிலோ கணக்கில் விற்றிருக்கிறார்.
மாதுளை முத்துகள் கலந்த கொத்திறைச்சியை
அதில் உருண்டை உருண்டையாய்ச் சுற்றுவார்கள்.
சட்டியில் அது உருகிக் காணாமல் போகும்.
காணாமல் போவதுதான் அதன் வேலை
என்று நினைத்திருந்தார்.

"எனக்குமா?"
"எல்லோருக்கும்."
"பன்றிக்கு இருப்பதேதானா?"
எத்தேரி யோசித்தார்.
"உங்களுடையது கொஞ்சம் பெரிது."
தையல் வலிக்க வலிக்கச் சிரித்தார்.

இதை எழுதுகிற மொழியில்
கொழுப்பு என்றால் திமிர்.
வாய்க்கொழுப்பு, பணக்கொழுப்பு,
கொழுப்பெடுத்து அலைகிறான்:
வைவதற்கென்றே வைத்திருக்கிறோம்.
ஓம்பு என்றும் ஒரு வினை உண்டு நம்மிடம்.
காத்து வளர்.
லத்தீனோடு அதற்கு ஒட்டுமில்லை உறவுமில்லை.
இருந்தும் ஓமெண்டம் என்று எழுதும்போது
அந்த ஓ-வில் விரல்
சற்றே நின்று போகிறது.

அதே வாரம்
அதே சொல்லை வேறொரு தாளில் அடித்தார்
பதிவறை நானுலி.
பதினோராம் படுக்கை, பெண், ஐம்பத்திரண்டு.
சூலகத்தில் தொடங்கியது
அந்த மடிப்பு முழுக்கத் தடித்து இறுகியிருந்தது.
ஸ்கேன் படித்தவரின் குரலை நிறுத்திவிட்டு,
ஹெட்போன் கழுத்தில் தொங்க,
நானுலி படியேறி வந்தார்.
"ஓமெண்டல் கேக் என்று கேட்கிறது.
தவறாகக் கேட்டேனா?"
"இல்லை. அப்படியே அடியுங்கள்."
"தின்கிற கேக்கா?"
"அதே கேக்."
நானுலி இறங்கிப் போனார்.
அடித்தார்.

அங்கேயும் வலை
முதல் ஆளாக ஓடிப்போய்த்தான்
பற்றிக்கொண்டிருந்தது.
பற்றியதை விடத் தெரியவில்லை.

ஏப்ரலில் கடை திறந்தார் ஜும்பேர்.
எடை தூக்கக் கூடாது. தூக்கினார்.
ஈஸ்டருக்கு முதல் நாள் கூட்டம்,
ஒரு பெண் அரைக் கிலோ பாதேகோனி கேட்டாள்.
ஒன்றை எடுத்து விளக்குக்கு நேரே விரித்தார்.
வெள்ளைக் கிளைகள்,
நடுவே ஒன்றுமே இல்லாததுபோல் ஒரு மெல்லியது.
வழக்கத்தைவிட நேரம் எடுத்துக்கொண்டார்.
"கிழிந்திருக்கிறதா?"
"ஓமெண்டம்," என்றார்.
"என்னது?"
ஓரங்களை உள்ளே செருகிக்
காகிதத்தில் மடித்தார்.
"என்ன விலை என்று கேட்டேன்."
"பழைய விலைதான்."